சந்தனம் வைத்த வயோலா

ஈயம் வைக்கும் சூட்டுக்கோல் அந்தப் பழுப்புப் பசையைத் தொட்டதும் சுர்ரென்று புகை ஒரு நூலாக எழுந்தது. நூல் என்றுதான் எனக்குச் சொல்ல வரும். நாற்பத்தெட்டு வயதில் பாதிக்கு மேல் நூலைப் பார்த்தே கழித்தவள் நான். அந்தப் புகை மேசையைத் தாண்டி என் முகத்துக்கு வந்து சேர்ந்தபோது நான் அவிநாசி ரோட்டு போர்டு ரிப்பேர் கடையில் இல்லை.

"அக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க. இந்தப் பொகை ஆகாதுங்க, மூக்கு எரியும்" என்றார் கடைக்காரர். என் நிட்டிங் மெஷினின் கண்ட்ரோல் போர்டு அவர் கையில் கிடந்தது.

நான் தள்ளி உட்காரவில்லை. அது பைன் மரத்துப் பிசின். ஈயம் பிடிப்பதற்காக இவர்கள் தொட்டுக்கொள்கிறார்கள். வில்லில் கட்டிய குதிரை மயிரில் தேய்ப்பதும் அதே பிசினைத்தான். தேய்த்தால்தான் தந்தியில் வில் பிடிக்கும், சத்தம் வரும். இதை எனக்குச் சொன்னவர் பெல்ஜியத்திலிருந்து வந்த ஒரு மனிதர். வயோலா வாசிப்பவர், இசை எழுதுபவர். சில வருஷங்களுக்கு முன் ஓர் ஆயுத பூஜை சமயத்தில் எங்கள் ஷெட்டில் நான்கு நாள் இருந்தார். அவர் பிசின் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த மூலையில் இந்த வாசனை வெகு நாள் வரை இருந்ததாக நான் சொல்லிக்கொள்வேன். மெஷின் எண்ணெயையும் பஞ்சுத் தூசையும் மீறி அது எப்படி இருக்கும் என்று யாரும் கேட்டதில்லை. கேட்டாலும் இருந்தது என்றுதான் சொல்வேன்.

வயலினை நாம் கச்சேரியில் பார்த்திருக்கிறோம். வயோலா அதன் அக்கா. உருவம் கொஞ்சம் பெரிது, குரல் கொஞ்சம் கீழே. வயலின் கூப்பிடும், வயோலா 'வந்துட்டேன், இரு' என்று உள்ளறையிலிருந்து பதில் சொல்லும். ஐரோப்பிய வாத்தியக் கோஷ்டியில் நடுவில் உட்கார்ந்திருக்கும். அதைக் கேட்பதற்கென்று யாரும் டிக்கெட் எடுப்பதில்லை என்று அவரே சொன்னார். வருத்தமாகச் சொல்லவில்லை, தன் ஊரில் மழை அதிகம் என்று சொல்வது போலச் சொன்னார்.

எங்கள் ஷெட் அனுப்பர்பாளையம் தாண்டி இருக்கிறது. எட்டு வட்ட மெஷின்கள். மேலே கோன்களிலிருந்து நூல் இறங்கும், நடுவில் ஆயிரக்கணக்கான ஊசிகள் ஏறி இறங்கும், கீழே துணி ஒரு குழாயாகச் சுருண்டு வரும். டி-ஷர்ட் ஆகப்போகிற துணி. பகலிலும் ஓடும், இரவிலும் ஓடும். உள்ளே பேச வேண்டுமென்றால் கத்த வேண்டும். எங்கள் ஆட்கள் கத்தவே மாட்டார்கள், கண்ணாலேயே பேசிக்கொள்வார்கள்.

வெளிநாட்டு ஆர்டர் பிடித்துக் கொடுக்கும் பையிங் ஆபீசில் வேலை செய்யும் தோழி ஒருத்திதான் முதலில் கேட்டாள். ஒரு இசைக்காரர், ஓடுகிற நிட்டிங் யூனிட்டில் உட்கார்ந்து கேட்க வேண்டுமாம், அதனோடு சேர்ந்து வாசித்துப் பதிவு செய்ய வேண்டுமாம், நாலு யூனிட்டில் கேட்டாயிற்று, யாரும் சரி என்று சொல்லவில்லை என்றாள். நான் உடனே சரி என்றேன். எதற்கும் உடனே சரி என்பது என் குணம். உட்கார்ந்து யோசிப்பதற்குள் இன்னொரு இடத்துக்குப் போய்விடும் கால்கள் என்னுடையவை. விஷயம் பரவி, பக்கத்து யூனிட்காரர் போன் செய்தார்.

"அக்கா, மியூசிக்குன்னு சொல்லிட்டு வர்ற ஆளு, வெளிநாட்டுக் கம்பெனிக்காரன் நம்மள வேவு பாக்க அனுப்பற ஆடிட்டரேதானுங்க. மைக்குல சத்தத்தை அளந்துட்டுப் போயி, காதுல ஒண்ணும் மாட்டாம வேலை வாங்கறாங்கன்னு ரிப்போர்ட்டு எழுதிருவான். நீங்க பாட்டுக்குச் சரீன்னு சொல்லிப்போட்டீங்களாமா?"

"அளந்தா அளந்துட்டுப் போறாருங்க. என்ற மெஷினு சத்தம் போடறது ஊருக்கே தெரியுமே" என்றேன்.

நான் அப்படிச் சொன்னாலும் எங்கள் ஃபிட்டர் அப்படி விடுகிற ஆள் இல்லை. தூத்துக்குடிப் பக்கத்துக்காரர். பதினைந்து வருஷமாக எங்களோடு இருக்கிறார். ஊசி ஒன்று உடைந்தால் விளக்கு எரிவதற்கு முன்பே அவருக்குக் காதில் தெரிந்துவிடும். அவர் செய்த ஏற்பாடு முதல் நாள் காலை நான் உள்ளே போனபோதுதான் தெரிந்தது: எல்லோர் காதிலும் மஞ்சள் அடைப்பான், எல்லோர் மூக்கிலும் மாஸ்க், முதலுதவிப் பெட்டி திறந்து வைத்து மேலே ஒரு பூ. பீகாரிலிருந்து வந்த ஆப்பரேட்டர்கள் இரண்டு பேர் சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்றார்கள்.

பெல்ஜியத்துக்காரர் வந்தார். அறுபது தாண்டிய, நெட்டையான, தோள் ஒரு பக்கம் சற்றே இறங்கிய மனிதர். ஃபிட்டரிடம் கைகொடுத்து, இந்த மெஷின்களில் எது பழசு என்று கேட்டார். காது அடைத்திருந்த ஃபிட்டர் "யெஸ் சார், யெஸ் சார்" என்றார். எத்தனை வருஷம் என்று கேட்டார். "யெஸ் சார்." பிறகு பெல்ஜியத்துக்காரர் தன் பெட்டியைத் திறந்தார். அளக்கும் கருவி வெளியே வரப்போகிறது என்று எல்லோரும் எட்டிப் பார்த்தார்கள். தேன் நிறத்தில் ஒரு மரச்சாமான் வந்தது.

ஃபிட்டர் என் பக்கம் சாய்ந்தார். "அக்கா, இது ஆடிட்டு இல்லியா? பிடிலுல்லா இருக்கு."

"நாந்தான் அப்பத்திருந்து சொல்றேனே தம்பி."

அவர் ஒரு காதின் அடைப்பானை மட்டும் எடுத்துப் பையில் போட்டார். இன்னொன்றை மத்தியானம் வரை எடுக்கவில்லை.

அந்த நாள் முழுக்க பெல்ஜியத்துக்காரர் வாசிக்கவே இல்லை. நாற்காலியை ஒவ்வொரு மெஷினுக்குப் பக்கத்திலும் போட்டு, கண்ணை மூடி உட்கார்ந்தார். மூன்றாவது மெஷின் அகலமானது, அதன் சத்தம் கீழே இருக்கிறது. எட்டாவது காலர் துணிக்கான சின்ன மெஷின், அது மேலே இருக்கிறது என்று நோட்டில் கோடு போட்டுக்கொண்டார். மூன்றாவதுக்கு ஏற்றபடி தன் கனமான தந்தியைக் கொஞ்சம் இறக்கிக்கொண்டார். வருகிற வழியில் அனுப்பர்பாளையத்தில் பாத்திரம் தட்டுகிற சத்தத்தைக் கேட்டுக் காரை நிறுத்தச் சொன்னதாக டிரைவர் சொல்லியிருந்தார். அப்படியென்றால் அங்கேயே உட்கார்ந்து பதிவு செய்திருக்கலாமே என்று கேட்டேன். "அவர்களிடம் ஏற்கெனவே தாளம் இருக்கிறது, அங்கே எனக்கு வேலை இல்லை" என்றார்.

சாப்பாட்டு நேரங்களில் ஆபீஸ் அறையில் ஏசியைப் போட்டுவிட்டு உட்காருவோம். வயோலாவுக்கு வெயில் ஆகாது. மரம் ஒட்டிய இடம் விட்டுப்போகும் என்பதால் அது அங்கே பீரோவில் இருக்கும். அவர் இட்லியைக் கரண்டியால் வெட்டிக்கொண்டே தன் கதையைச் சொல்வார். ஃபிளாண்டர்ஸ் பக்கத்தில் ஒரு சிறு நகரம். எங்கள் ஊர் போலவே அங்கும் பின்னலாடைதான் பிழைப்பு. அவர் அம்மா காலுறை பின்னும் மில்லில் விரல்நுனிப் பக்கத்தை மூடித் தைக்கும் வேலை பார்த்தவர். பள்ளிக்கூடம் விட்டதும் அவர் மில் வாசலில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவார். உள்ளே ஓடும் மெஷின்களின் சத்தத்துக்கு அடியில் ஒரே சுரம் நீளமாக நிற்பது அவருக்குக் கேட்கும். மற்றவர்கள் யாருக்கும் கேட்கவில்லை. அதைத் தேடித்தான் வயோலாவுக்குப் போனாராம். வயலினில் அந்த இடம் கிடையாது.

முப்பது வருஷத்துக்கு மேல் ஒரு பெரிய கோஷ்டியில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து வாசித்தார். அந்த நாற்காலியிலிருந்தே எழுதினார். முதலில் எழுதியது தனி வயோலாவுக்கு, நான்கு நிமிஷம், கனத்த தந்தி ஒன்றில் மட்டும் வாசிக்க வேண்டியது. ஆசிரியர்கள் சிரித்தார்கள். "மற்ற மூன்றும் பழுதா என்று கேட்டார்கள்." பிறகு நான்கு வயோலாக்களுக்கு ஒன்று, கண்ணாடிக் கூரையில் மழை பெய்வதைப் பற்றி. பிறகு கோஷ்டிக்கும் வயோலாவுக்கும் பெரிதாக ஒன்று. வழக்கமாக அந்த மாதிரி இசையில் தனியாக வாசிப்பவர் முன்னால் வந்து நிற்பார். இவருடையதில் அவர் கடைசி வரை தன் வரிசையை விட்டு எழுந்திருக்கவே கூடாது. எங்கேயிருந்து அந்தக் குரல் வருகிறது என்று ஜனங்கள் கழுத்தை நீட்டித் தேட வேண்டும். முதல் தடவை வாசித்த இரவில், பாதிப் பேர் கண்டுபிடிக்காமலே வீட்டுக்குப் போனார்கள் என்று சொல்லிச் சிரித்தார். அதைத் தன் பெரிய வெற்றியாகச் சொன்னார். நான் நம்பினேன்.

முதல் நாள் மாலையில் நான் அவரை ஸ்டோருக்குக் கூட்டிப்போய் ஒரு ஃப்ளீஸ் துணியைக் காட்டினேன். குளிர்காலச் சட்டைக்கான துணி. மூன்று நூலில் ஓடும். ஒரு நூல் வெளிமுகம், எல்லோரும் பார்ப்பது. ஒரு நூல் உள்முகம், உரசினால் பஞ்சு மாதிரி மெத்தென்று இருப்பது. மூன்றாவது நூல் இரண்டையும் கட்டிப்பிடித்து நடுவில் ஓடுகிறது. முன்னாலும் தெரியாது, பின்னாலும் தெரியாது. பைண்டர் என்போம். அதை உருவிவிட்டால் துணி இல்லை. அவர் துணியைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஊசியால் நான் அந்த நடுநூலை நெம்பிக் காட்டியதும், "இவர்தான் நான்" என்றார்.

இரண்டாம் நாள் வாசித்தார். அப்போதுதான் கையைப் பார்த்தேன். இடது கையின் சுண்டுவிரலும் மோதிர விரலும் மடங்கினால் நிமிர நேரம் எடுத்தன. மறைக்காமல் சொன்னார். மூட்டு இறுகிக்கொண்டு வருகிறது. டாக்டர் ஒரு வருஷம் என்கிறார், இவர் கணக்குக்கு அதைவிடக் குறைவு. வயோலாவுக்கும் மெஷின்களுக்கும் ஆன இந்த ஒன்றை மட்டும் இன்னொருவர் கையில் கொடுக்க விருப்பம் இல்லை. தானே வாசிக்க வேண்டும், மெஷின் பக்கத்தில் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். தனித்தனியாகப் பிடித்து ஒட்டுவது வேண்டாம். அதற்குத்தான் இத்தனை தூரம்.

ஆனால் நடக்கவில்லை. எட்டும் ஓடும்; அவர் வில்லைத் தூக்குவார்; தந்தியில் வைப்பார்; பத்து நொடி; எடுத்துவிடுவார். மறுபடி. ஃபிட்டர் வந்து ஐந்தாவது மெஷினை மெதுவாக ஓட்டிப் பார்த்தார், மேலே சுற்றும் ஃபேனை நிறுத்திப் பார்த்தார். ஆப்பரேட்டர்கள் கன்னத்தில் கைவைத்துப் பார்த்தார்கள். மூன்றாம் நாள் காலை எட்டு மணியிலிருந்து பதினொன்று வரை இதேதான். கடைசியில் வில்லை மடியில் வைத்துக்கொண்டு சொன்னார்: "உங்கள் மெஷின்கள் எப்போது பார்த்தாலும் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கின்றன. சுவர் இருக்கிறது, வாசல் இல்லை. நான் எந்த இடத்தில் நுழைந்தாலும் சுவரை இடித்துக்கொண்டு வந்தவன் போல இருக்கிறது."

அன்று ஆயுத பூஜை. மறுநாள் காலை பத்து மணிக்கு அவருக்குக் கோயம்புத்தூர் விமான நிலையத்துக்குக் கார். வயோலா பீரோவிலேயே இருக்கட்டும், விரலை வெந்நீரில் வைத்து ஓய்வு கொடுத்துவிட்டு மாலையில் வருகிறேன், பூஜை முடிந்ததும் கடைசியாக ஒருமுறை முயன்று பார்க்கலாமா என்று கேட்டார்.

இங்கேதான் என் தப்பு. பூஜை போட்டுவிட்டால் மறுநாள் காலை வரை மெஷினைத் தொடமாட்டோம். என் மாமனார் கைத்தறி வைத்திருந்த காலத்திலும் அப்படித்தான், இன்றும் அப்படித்தான். அதை அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் விருந்தாளியின் முகத்தைப் பார்த்து முடியாது என்று சொல்ல எங்கள் பக்கத்து நாக்குக்கு வராது. "செய்யலாமுங்க" என்றேன். எப்படிச் செய்வது என்று எனக்குத் தெரியாது. ஒரே ஒரு மெஷினுக்கு மட்டும் பொட்டு வைக்காமல் விட்டுவிடலாமா என்று நினைத்துக்கொண்டே வாழைக்கன்று வாங்கப் போனேன்.

பன்னிரண்டு மணிக்கு மெஷின்கள் நின்றன. ஷெட்டில் திடீரென்று எல்லோருடைய குரலும் கேட்டது. அவரவர் குரல் அவரவருக்கே புதிதாக இருந்திருக்கும். காற்றடித்துப் பஞ்சை எடுத்தார்கள், எண்ணெயைத் துடைத்தார்கள், தரையைக் கழுவினார்கள். மாலை ஆறு மணிக்கு நடுவில் பெரிய இலை போட்டுக் கருவிகளை அடுக்கினோம். ஸ்பேனர்கள், ஊசிப் பெட்டி, துணி வெட்டும் கத்திரி, எடைத் தராசு, என் பேனா. எட்டு மெஷினுக்கும் சந்தனமும் குங்குமமும். எந்த மெஷினையும் விட எனக்கு மனசு வரவில்லை. பொரியும் கடலையும் நான்தான் தட்டில் பிரித்துக்கொண்டிருந்தேன். இலைப் பக்கம் திரும்பிப் பார்க்கவில்லை. தீபாராதனைக்குக் கண்ணை மூடிவிட்டேன்.

கண்ணைத் திறந்தபோது அவர் வாசலில் நின்றார். குளித்து, வெள்ளைச் சட்டை போட்டு, ஊதுபத்திப் புகையையும் பூவையும் பார்த்து முகம் மலர்ந்து நின்றார். அப்புறம் அந்த முகம் மெல்ல மாறியது. அவர் பார்த்த இடத்தை நானும் பார்த்தேன்.

இலையில், ஸ்பேனர்களுக்கும் ஊசிப் பெட்டிக்கும் நடுவில், வயோலா கிடந்தது. தேன் நிற வயிற்றில் பெரிய சந்தனப் பொட்டு, அதற்குள் குங்குமம். கழுத்தில் ஒரு முழம் மல்லிகை.

"யார் வைத்தது?" என்று மெதுவாகக் கேட்டார்.

ஃபிட்டரைத் தேட வேண்டியிருக்கவில்லை. முன்னால் வந்தார். "நாந்தான் வச்சேங்க்கா. எல்லாரு தொழிலும் இங்கன இருக்கு. ஒங்க பேனாகூட இருக்கு. அவுக தொழில மட்டும் பீரோவுக்குள்ள பூட்டி வச்சா விருந்தாளிக்கு மரியாதையா இருக்குமா?"

"ஒரு வார்த்தை கேட்டுப்போட்டு வெச்சிருக்கலாமில்ல தம்பி."

"கேட்டா வேண்டாம்னுல்லா சொல்லுவாவ."

நான் மொழிபெயர்த்தேன். அவர் இரண்டு எட்டு முன்னால் வந்து கையை நீட்டினார். ஃபிட்டர் குறுக்கே வந்து இரண்டு கையையும் விரித்தார், பந்தை விடாத கோல்கீப்பர் மாதிரி. "நோ சார். டுமாரோ. மார்னிங்." என் பக்கம் திரும்பி, "சாமிக்கு வச்சத இப்பம் எடுக்கக் கூடாது, சொல்லுங்கக்கா" என்றார்.

"சர்ச்சுக்குப் போற ஆளு நீங்க. உங்களுக்கென்னுங்க தம்பி இத்தனை கண்டிசனு?"

"சர்ச்சு ஞாயித்துக்கெழமைக்கா. மெஷினு எல்லா நாளும் ஓடணும்லா?"

யாரோ சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. அந்த வயோலாவுக்கு நூற்றைம்பது வயது, அதன் வார்னிஷில் ஈரம் பட்டால் வெளுத்துப்போகும் என்று என்னிடம் சொன்னார். சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்தார். ஷெட் என்னுடையது. எடுங்கள் என்று நான் சொன்னால் ஃபிட்டர் விலகிவிடுவார், ஆப்பரேட்டர்கள் தலையைக் குனிந்துகொள்வார்கள், இவர் எடுத்துக்கொள்வார். ஆனால் எடுத்து என்ன செய்வார்? மெஷின் ஓடாது. அதை இன்னும் நான் சொல்லவில்லை.

சொன்னேன். பதினொரு மணிக்கு நான் செய்யலாம் என்று சொன்னது பொய், செய்ய முடியாதென்று எனக்கு அப்போதே தெரியும், உங்கள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வரவில்லை, இனி காலையில்தான் எல்லாவற்றையும் எடுப்போம், வயோலாவையும் சேர்த்து என்றேன். எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் அதை அலங்கரிக்க முடியவில்லை. அதுவும் நல்லதாகப் போயிற்று.

அவர் இலையின் முன்னால் மண்டியிட்டார். இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, முகத்தை மட்டும் வயோலாவின் கிட்டே கொண்டுபோய்ப் பார்த்தார்.

"காய்ந்துவிட்டது" என்றார். "ஆக வேண்டியது ஆகிவிட்டது."

எழுந்தார். வரிசையாக நின்ற மெஷின்களைப் பார்த்தார். மூன்று நாளில் முதல் தடவையாக அவை சும்மா நிற்பதை அவர் பார்க்கிறார் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

"காலையில் எத்தனை மணிக்கு?"

"ஏழு மணிக்குங்க."

"எத்தனை மெஷின்?"

"எட்டும்."

"நான் வரும்போது ஓடிக்கொண்டிருக்குமா?"

"இல்லீங்க. நின்னதுல இருந்துதான். ஒண்ணாவது மெஷினுக்குச் சூடம் காட்டி ஸ்டார்ட் பண்ணுவோம். அது ஓட ஆரம்பிச்ச பொறகு ரெண்டாவது. இப்படியே வரிசையா எட்டு வரைக்கும்." இதைத் தமிழிலேயே சொல்லிவிட்டு, பிறகு நினைவு வந்து இங்கிலீஷிலும் சொன்னேன்.

அவர் மெஷின்களை ஒன்றிலிருந்து எட்டு வரை விரலால் எண்ணி, "வாசல்" என்றார். பிறகு ஃபிட்டரைக் கைகாட்டி, இவர் எனக்கு வேண்டும், ஒரு பென்சிலும் வேண்டும் என்றார். பொரித் தட்டை நடுவில் வைத்துக்கொண்டு இருவரும் தரையில் உட்கார்ந்தார்கள். ஒவ்வொரு மெஷினும் பட்டனைத் தட்டியதிலிருந்து முழு வேகம் பிடிக்க எவ்வளவு நேரம் எடுக்கும், ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவில் எவ்வளவு இடைவெளி என்று அவர் கேட்க, ஃபிட்டர் வாயாலேயே மெஷின் ஓட்டிக் காட்டினார். இரண்டு பேருக்கும் பொது மொழி கிடையாது. ஏழாவதுக்கு வந்தபோது நான் மொழிபெயர்ப்பதை விட்டுவிட்டு வீட்டுக்குப் போனேன்.

காலையில் குளித்துவிட்டு வந்து வயோலாவை நான்தான் எடுத்தேன். இரண்டு கையாலும் எடுத்து, மல்லிகையைக் கழற்றிவிட்டு அவரிடம் கொடுத்தேன். காய்ந்த சந்தனம் செதிலாக உதிர்ந்தது. அடியில் ஒரு ரூபாய் அகலத்துக்கு வார்னிஷ் பால் ஊற்றினது போல வெளுத்திருந்தது. ஃபிட்டர் அதைப் பார்த்தார். அதன் பிறகு நிமிர்ந்து யாரையும் பார்க்கவில்லை.

மைக்குகளை முந்திய நாளே ஸ்டாண்டில் பொருத்தி வைத்திருந்தார்கள். அவர் ஷெட்டின் நடுவில் நாற்காலியில் உட்கார்ந்தார். ஷெட் சும்மா இருந்தது. வெளியே ஒரு ஸ்கூட்டர் போனது. ஒன்றாவது மெஷின் ஆப்பரேட்டர் மெஷினைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு பட்டனைத் தட்டினார்.

தினமும் கேட்கும் சத்தம். ஆனால் அது பிறப்பதைக் கேட்டிருக்கிறேனா என்று என்னையே கேட்டுக்கொண்டேன். முதலில் ஒரு பெருமூச்சு. அப்புறம் ஊசிகள் ஒன்றையொன்று தேடிப் பிடிப்பது. அப்புறம் சத்தம் மெல்லத் தன் சுரத்துக்கு ஏறி வருவது. அது ஏறி வரும்போதே அவர் வில்லை வைத்தார். அவர் எப்போது நுழைந்தார் என்று எனக்குத் தெரியவில்லை. மெஷினோடு சேர்ந்தே ஏறினார். இரண்டாவது, மூன்றாவது. நான்கு. ஐந்து.

ஆறாவதில் சிவப்பு விளக்கு எரிந்து மெஷின் நின்றது. எங்கோ நூல் அறுந்திருந்தது. ஆப்பரேட்டர் பதறிப்போய் ஃபிட்டரைப் பார்த்தார். ஃபிட்டர் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை; இருங்க என்று அவருக்குக் கைகாட்டிவிட்டு, ஏழாவதுக்குத் தலையாட்டினார். அந்த நொடியில் வயோலா ஒரு நீண்ட சுரத்தில் நின்றது. அங்கேயிருந்து மேலே போக வேண்டும். சுண்டுவிரல் எழுந்தது, தந்தி வரை வரவில்லை. நான் பார்த்தேன். அவர் முகம் மாறவில்லை. நான்கு விரலையும் தந்தியிலிருந்து எடுத்துவிட்டார். விரலே வேண்டாத வெறும் தந்தி, கனத்த தந்தி, தன் பாட்டுக்கு ஒலித்தது. ஏழு வந்தது. எட்டு வந்தது. அந்த வெறும் தந்தியின் மேல் இரண்டும் வந்து உட்கார்ந்தன. அதற்குள் நூலை முடிந்து ஆறாவதையும் ஓட்டிவிட்டார்கள். ஆறாவது சேர்ந்தபோது அவர் மறுபடி விரலை வைத்தார்.

பதினோரு நிமிஷம். வழக்கமாக ஒரு சுற்று ஓட்டிவிட்டு நிறுத்திவிடுவோம். அன்று அவர் வில்லை இறக்கும் வரை யாரும் பட்டனுக்குப் போகவில்லை.

அந்த இசை பிறகு முழுதாகி எனக்கு வந்து சேர்ந்தது. தன் ஊரில் இரண்டு தடவை அவரே வாசித்தார். மெஷின் சத்தம் ஸ்பீக்கரில் வர, அவர் நடுவில் உட்கார்ந்தார். மூன்றாவது தடவை வாசித்தது ஒரு பெண். அதற்குள் அவர் விரல்கள் முடிவு செய்துவிட்டிருந்தன. அச்சிட்ட தாளில் அந்த இடத்தில் விரலை எடுத்துவிடச் சொல்லி எழுதியிருக்கிறார். யார் வாசித்தாலும், எவ்வளவு நல்ல விரலாக இருந்தாலும், அங்கே எடுத்துவிட வேண்டும். அவருடைய எல்லா வேலைகளிலும் இதுதான் சிறந்தது என்று நான் நினைக்கிறேன். எனக்கு மற்றவை அவ்வளவாகத் தெரியாது, இருந்தாலும் நினைக்கிறேன்.

அன்று காலை பத்து மணிக்குக் கார் வந்துவிட்டது. ஆப்பரேட்டர்கள் ஒவ்வொருவராக வந்து கைகுலுக்கினார்கள். ஃபிட்டர் மட்டும் கேட்டுக்கு அந்தப் பக்கம் நின்று டயரைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் கூப்பிட்டேன். பொரிப் பொட்டலம் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு வந்தார்.

"அக்கா, அந்தக் கறை பாலிஷ் போட்டா போயிருமான்னு கேளுங்க. போவும்னா எங்க போடணும்னாலும் நான் கொண்டுபோயிப் போட்டுத் தாரேன்."

கேட்டேன். அவர் பெட்டியைக் காரின் பானெட்டில் வைத்துத் திறந்து, வயோலாவின் ஓரத்தைக் காட்டினார். தாடை படும் இடத்தில் ஒரு கறுத்த தடம். அவருக்கு முன்னால் வாசித்தவருடைய வியர்வை. விளிம்பில் ஒரு கீறல். அதற்கும் முன்னால் யாருடையதோ மோதிரம். "என் பங்குக்கு இதுவரை ஒன்றும் இல்லாமல் இருந்தது" என்றார். நான் சொன்னதைக் கேட்டு ஃபிட்டர் அந்த வெளுத்த இடத்தை ஒரு விரலால் தொட்டார், சூடு பார்ப்பது போல.

பெட்டி மூடியது. பொரிப் பொட்டலம் கை மாறியது. அவர் காருக்குள் ஒரு காலை வைத்தபோது ஃபிட்டர் அவசரமாக என் பக்கம் திரும்பினார்.

"சொல்லுங்கக்கா. அடுத்த வருசமும் இப்பிடித்தான் ஸ்டார்ட் பண்ணுவோம். வெரலு ஒழுங்கா இருந்தா வாசிக்கட்டும். இல்லன்னா சும்மா வந்து ஒக்காந்து கேக்கட்டும். நாற்காலி போட்டு வைக்கேன்."

நான் அப்படியே சொன்னேன், விரலையும் சேர்த்து. அவர் ஃபிட்டரைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

"ஏழு மணிக்குத்தானே?" என்றார்.

"ஏழு மணிக்கேதானுங்க" என்றேன்.